நாமசித்தருக்கு ஒரு செந்துளுவன் குலை

பூதப்பாண்டிச் சந்தைக்குப் பக்கத்தில் நாமசித்தர் வந்து இறங்கியதும் ஊருக்குப் பைத்தியம் பிடித்தது. நம் தாலுகா தமிழ் ராஜ்யத்தோடு சேருமா, மலையாள ராஜ்யத்தோடு சேருமா என்று அடித்துக்கொண்டிருந்த ஜனங்கள், பெற்ற பிள்ளையின் பெயர் எந்த ரிஷியின் வாயில் பிறந்தது என்று அறிய வாழைக்குலையும் கையுமாக நின்றார்கள். சித்தர் கண்ணை மூடுவார். பெயரின் பூர்வீகம் பொலபொலவென்று கொட்டும். கெட்ட பெயர் என்றால் நல்ல பெயர் தருவார். கெட்ட பெயரல்லாத பெயரை இதுவரை யாரும் கொண்டுபோனதில்லை!

நெல் வியாபாரி தாணுமாலயனும் போனார். மூட்டைக்கு மூட்டை குத்தூசி போட்டு, நெல்லைப் பல்லால் கடித்துப் பார்த்து வாங்குகிற மகா புத்திசாலி. தம் பெண் குழந்தைக்கு 'செல்லத்தாய்' என்று வைக்கப்போவதாகச் சொன்னதும் சித்தர் நடுங்கினார்.

"மயானத்துப் பேய்க்குத் தாதி அவள்! 'ஹிரம்யதா' என்று வை. சாமவேதத்தில் மகாலட்சுமி!"

தாணுமாலயனுக்குப் புல்லரித்தது. வேதத்தை அவர் கண்டாரா? அது வேறு விஷயம். கொண்டுபோன செந்துளுவன் வாழைக்குலையைச் சித்தர் காலடியில் வைத்துவிட்டு வீட்டுக்கு வந்து சொன்னார்.

அவர் மனைவி பகவதியம்மாள் பிள்ளையை அணைத்துக்கொண்டு அழுதாள். பேத்தி முகம் பார்க்காமலே செத்துப்போன அவள் தாயின் பெயர் அல்லவா செல்லத்தாய்?

"எங்க அம்மை பேயிக்க தாதியா? நாளைக்குப் பிள்ளை பிறந்து இருபத்தெட்டாம் நாளு, இருபத்தெட்டுக் கெட்டு. பிள்ளைக்க காதுல நீங்கதான் பேரு சொல்லணும். என்ன சொல்லப் போறியோ?"

"எதுத்துப் பேசாத. வேதத்துல உள்ளதாக்கும்!"

"அப்பம் நானும் வந்து கேக்கேன்."

அன்று சாயங்காலமே கூட்டத்தை விலக்கிக்கொண்டு அவள் பிள்ளையோடு முன்னால் போனாள். நம் புத்திசாலி பின்னால் நின்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"சாமி, பிள்ளைக்கு ஹிரம்யதான்னு பேரு வைக்கப் போறோம். கொள்ளாமா, நல்ல பேருதானா?"

சித்தர் கண்ணை மூடினார். நடுங்கினார்.

"ஐயோ! எமன் வீட்டு எருமை அது! உடனே மாற்று!"

"காலம்பற மகாலட்சுமின்னு சொன்னியளே சாமி! இந்தா நிக்காரே எங்க வீட்டுக்காரரு, இவருகிட்ட!"

சித்தர் கண்ணைத் திறந்து தாணுமாலயனைப் பார்த்தார். தாணுமாலயன் தம் குலையைப் பார்த்தார். அதில் பாதிப் பழத்தைக் காணோம்.

"அது... ராகு காலத்தில் கேட்டதால்..." என்று இழுத்தவரை யாரும் பேசவிடவில்லை. "எனக்க குலையக் கொண்டாரும் ஓய்!" என்று நாலா பக்கமும் கத்தினார்கள். சித்தர் அடுத்த பஸ்ஸில் ஏறி மறைந்தார்.

மறுநாள் பிள்ளைக்கு அரைஞாண் கட்டினார்கள். ஒரு காதை வெற்றிலையால் பொத்தி, மறு காதில் 'செல்லத்தாய்' என்று மும்முறை சொன்னார் தாணுமாலயன். பகவதியம்மாள் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள்.

"பேருக்கு அர்த்தம் என்ன ஓய்?" என்று கேட்டார் அடுத்த வீட்டுக்காரர்.

"மாமியாருக்க பேரு ஓய். அர்த்தம் கேட்டுல்லா போனேன்? அது தெரியல்ல, எனக்கு எம்புட்டுப் புத்தின்னு பூதப்பாண்டி முழுக்கத் தெரிஞ்சிட்டு. நாளைக்கு இன்னொரு சித்தன் வருவான். நீராவது குலை வெட்டுகதுக்கு முன்ன, அவன் தந்த பேரையே அவன்கிட்டத் திரும்பக் கேட்டுப் பாரும்!"