சடைச்சியின் பணிப் பதிவேடு

ஒரு காட்டில், அதாவது மரத்தைவிடச் சேறு அதிகமாக இருந்த ஓர் அலையாத்திக் காட்டில், கடற்படைத் துறைமுகம் ஒன்று இருந்தது. எதிரி யாரென்று அங்கே ஒருவருக்கும் தெரியாது. அணிவகுப்பு மட்டும் மாதம் தவறாமல் நடந்தது.

அணிவகுப்பின் நாயகர் தளபதி திமிங்கலம். மார்பு நிறையப் பதக்கம். கடலில் எப்படியோ, துறைமுகத்துக்குள் அவருக்குத் திரும்பத் தெரியாது. இந்தப் பக்கம் வால் இடிக்கும், அந்தப் பக்கம் மூக்கு இடிக்கும். சடைச்சி என்ற இழுவை எருமைதான் கழுத்தில் வடத்தை மாட்டி அவரை வெளியே கொண்டுபோய் விடும். திரும்பி வந்ததும் நெற்றியால் முட்டி முட்டிக் கரையில் அணைக்கும். முப்பத்தோரு வருடம் இதே வேலை. தளபதி மேல் ஒரு கீறல் விழுந்ததில்லை.

சடைச்சிக்கு முழங்கால் தேய்ந்துவிட்டது. ஓய்வுபெற்ற படையினருக்கென்று நிழலோடு ஒரு சேற்றுக்குட்டை உண்டு. மிச்ச நாளை அதில் கழுத்தளவு முங்கிக் கழிக்க வேண்டும்; அந்த ஒரே ஆசையில் மனுவோடு வரிசையில் நின்றது. முன்னால் நின்ற ஆமைக்கே அலுத்துப்போன வரிசை.

சன்னலுக்குள் குமாஸ்தா கொக்கு. ஒரு கால் பணியில் இருந்தது, இன்னொன்று விடுப்பில்.

“பணிப் பதிவேடு எங்கேக்கா?”

“நீதானே தம்பி வெச்சிருக்கே.”

கொக்கு எடுத்துப் புரட்டியது. முதல் பக்கத்தில் பெயர். மற்றதெல்லாம் வெள்ளை.

“ஒண்ணுமே இல்லையே. வேலையே பாக்கல போலிருக்கு?”

“அட, நேத்து ஒத்திகைக்குக்கூட இழுத்தேனே! கழுத்தைப் பாரு, வடத் தழும்பு!”

“நீ இழுத்தா அது அவர் பதிவேட்டுல ஏறும். ‘தளபதி வெற்றிகரமாகப் புறப்பட்டார்’னு. உன்னோடதுல சம்பவம் நடந்தாத்தான் எழுதணும். விபத்து, சேதம், ஒழுங்கீனம். ஒண்ணாச்சும் உண்டா?”

“ஒண்ணும் கிடையாது,” என்றது சடைச்சி பெருமையாக.

“அப்ப நீயும் கிடையாது. தழும்பைக் கோப்புல வைக்க முடியாது. அடுத்தது!”

பழைய கதையாக இருந்தால் இந்த இடத்தில் சிங்கராஜா மாறுவேடத்தில் வந்து சடைச்சியின் உழைப்பைப் பார்த்திருப்பார். இந்தக் காட்டுச் சிங்கம் எங்கோ ரிப்பன் வெட்டப் போயிருந்தது.

மறுநாள் அணிவகுப்பு முடிந்து தளபதி திரும்பினார். “ஏய் எருமை, மெதுவா! பாலிஷ் போயிடப் போகுது!” என்று வழக்கம்போல அதட்டினார். சடைச்சி நான்கடி பின்வாங்கியது. கண்ணை மூடியது. ஒரே முட்டு.

தளபதி வழுக்கிக்கொண்டே போய் அலுவலகச் சன்னலில் மூக்கைச் செருகினார். பதக்கங்கள் சேற்றில் சிதறின. நண்டுகள் ஆளுக்கொன்றாக மாட்டிக்கொண்டு பக்கவாட்டில் அணிவகுத்தன.

விசாரணைக் குழு கூடியது. கூடிய வேகத்தில் திகைத்தது. பதிவேட்டின்படி படையிலேயே இல்லாத எருமையைத் தண்டிக்க விதியில் இடமில்லை. எனவே, தண்டிப்பதற்காகவே, கொக்கு தளபதியின் பதிவேட்டைப் பார்த்து இரண்டு காலையும் ஊன்றி எழுதத் தொடங்கியது. எந்த நாள், எந்த அலை, எத்தனை இழுவை, எத்தனை முட்டு. முப்பத்தோரு வருடமும் நூற்றுப்பத்துப் பக்கத்தில் முத்திரையோடு எழுந்து நின்றது. பிறகு தீர்ப்பு: கட்டாய ஓய்வு.

“கட்டாய ஓய்வுன்னா என்ன தம்பி?”

“இனிமே நீ ஓய்வுபெற்றவ.”

“பதிவேடு?”

“முழுசா இருக்கு.”

“அப்ப குட்டை?”

கொக்கு விதிப்புத்தகத்தை முன்னும் பின்னும் புரட்டிப் பார்த்தது. வேறு வழியில்லாமல் கையெழுத்துப் போட்டது.

குட்டையில் முங்கியிருந்த கிழப் பன்றி தலையைத் தூக்கிக் கேட்டது: “நான் பாலத்தை உடைச்சேன். அந்த நீர்நாய் கிடங்கைக் கொளுத்திச்சு. நீ?”

“தளபதியை முட்டினேன்.”

எல்லாரும் மரியாதையாக நகர்ந்து, நிழலான மூலையை விட்டுக்கொடுத்தார்கள்.

இழுக்க ஆளில்லாததால் தளபதி இன்னும் அந்தச் சன்னலில்தான் இருக்கிறார். அவர் பதிவேட்டில் புதிதாக ஒரு வரி ஏறியிருக்கிறது: ‘தளபதி அலுவலகப் பொறுப்பை ஏற்றுக்கொண்டார்.’

நீதி: ஆயுள் முழுக்க ஒழுங்காக இழுங்கள், தப்பில்லை, ஆனால் ஓய்வுக்கு மனுப் போடும் முன் மேலதிகாரியை ஒருமுறை பலமாக முட்டிவிடுங்கள்.