பிள்ளையார் காலடியில் அரணை

விருத்தாசலம் தாலுகாவிலேயே அரணைக்கு வக்கீலாக நின்றவர் நிக்கோபார் அண்ணன் ஒருவர்தான். மற்ற நாமெல்லாம் 'அரணை கடித்தால் மரணம்' என்று சொல்லிக்கொண்டே துடைப்பத்தைத் தேடுகிற கூட்டம்.

சொந்த ஊர் கருவேப்பிலங்குறிச்சி. நிக்கோபார்ப் பக்கம் ஒரு தீவில் சில வருஷம் கொத்தனார் வேலை பார்த்துவிட்டு வந்து, நான் பேக்கிங் பார்க்கிற செராமிக் பொம்மைக் கம்பெனியில் சேர்ந்தார். அத்தனை பெரிய கடலைத் தாண்டிப் போய் அவர் பார்த்துவிட்டு வந்தது ஒரு அரணையைத்தான். மத்தியானம் சோற்றுப் பொட்டலத்தைப் பிரித்தால் அது கல்லிடுக்கிலிருந்து வந்து எதிரே உட்காருமாம்.

"நம்ம ஊரு அரணை மாதிரி இல்லைங்க அது. அந்தத் தீவ வுட்டா ஒலகத்துல வேற எங்கயும் கெடையாது. பொறந்த எடத்த வுட்டு நவுராத மனுஷன் யாராச்சும் உண்டா, சொல்லுங்க" என்பார்.

"நம்ம மொதலாளி சேத்தியாத்தோப்பத் தாண்டினதில்லையே" என்றேன் ஒருநாள்.

"அவருக்கு பஸ்ஸு ஒத்துக்காது. அது வேற."

அண்ணனுக்கு மறதி அதிகம். ஒருமுறை மனைவியோடு சேத்தியாத்தோப்பு சந்தைக்குப் போனவர், வாங்கிய கத்தரிக்காயை மறக்காமல் எடுத்துக்கொண்டு, அண்ணியை மறந்துவிட்டு பஸ் ஏறினார். அடுத்த பஸ்ஸில் வந்த அண்ணி ஒரு வாரம் பேசவில்லை. அதைக் கவனிக்கவும் அண்ணன் மறந்துவிட்டார்.

ஆனால் யாராவது 'அரணை புத்தி' என்று சொல்லிவிட்டால் கோபம் பொத்துக்கொண்டு வரும். கடிக்க வந்த அரணை வந்த காரியத்தை மறந்து திரும்பிவிடும் என்பது ஊர்ப் பேச்சு. "மறதி எனக்குங்க, அதுக்கு இல்ல. நான் லேட்டாப் போனாக்கூட அது காத்துக்கிட்டு இருக்கும்" என்பார்.

தீவு அரணையை அப்படியே களிமண்ணில் செய்து அச்சும் எடுத்தார். "இத எவன் வூட்ல வெப்பான்?" என்று முதலாளி அதை மூலையில் போடச் சொன்னார்.

அந்தச் சமயம் திட்டக்குடி விவசாயி ஒருவர், மகள் கல்யாணத் தாம்பூலப் பையில் போட உள்ளங்கை அளவுப் பிள்ளையார் கேட்டிருந்தார். பிள்ளையாருக்கு ஒரு அச்சு, மூஞ்சூறுக்கு ஒரு அச்சு. ஈரம் காயுமுன் மூஞ்சூறைக் காலடியில் ஒட்டவேண்டும். ஒட்டுகிற வேலை அண்ணனுடையது.

சூளையைப் பிரித்தபோது முதலாளி முதல் பிள்ளையாரைக் கையில் எடுத்துக் கண்ணருகே கொண்டுபோனார். குட்டைக் கால் நாலையும் பரப்பி, தலையைத் தூக்கிக் கொழுக்கட்டையைப் பார்த்துக்கொண்டு ஓர் அரணை. அடுத்ததிலும் அரணை. சூளை முழுக்க அரணை. கல்யாணமோ நாளை மறுநாள்.

"அச்ச மறந்து மாத்திட்டியா, தெரிஞ்சே செஞ்சியா?" என்றார் முதலாளி.

மறந்துவிட்டேன் என்று ஒரு வார்த்தை சொன்னால் பிழைத்துக்கொள்ளலாம். அண்ணன் சொன்னால் யாரும் நம்புவார்கள். தெரிந்தே என்றால் வேலை போச்சு. முதலாளியின் முதுகுக்குப் பின்னால் நின்று நான் என் தலையைத் தட்டித் தட்டி ஜாடை காட்டினேன்.

"தெரிஞ்சுதாங்க ஒட்டினேன்" என்றார் அண்ணன். "மறந்துட்டேன்னா அரணை புத்தின்னுவீங்க. கப்பலு கெளம்புதுன்னு திடீர்னு சொன்னாங்க. அதுகிட்ட சொல்லாமயே வந்துட்டேன். நாலு வூட்ல சாமி பக்கத்துலயாச்சும் இருக்கட்டும்னு நெனச்சேன்."

"ஆர்டர் குடுத்தவரு வராரு. அவரு வாயால வாங்கிக்கட்டிக்கிட்டு அப்படியே கெளம்பு" என்றார் முதலாளி.

திட்டக்குடிக்காரர் வந்தார். ஒரு பிள்ளையாரை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"எலி எங்கங்க?"

"எலி வந்துங்க..." என்று முதலாளி இழுத்தார்.

"நல்லதாப் போச்சு. இந்த வருஷம் எலி அறுத்ததுல வயலே மொட்டையாப் போயிடுச்சு. கல்யாணத்துக்கு வர்றவங்க கையில அதயே குடுத்துக் கும்புடச் சொல்ல எனக்கு மனசே இல்ல. பொண்ணு ஆசப்பட்டுதேன்னுதான் சொன்னேன். இது பூச்சி திங்கற ஜீவன். இருக்கட்டும்."

"புது மாடலுங்க" என்றார் முதலாளி, கண் இமைக்காமல்.

இப்படித் தப்பிய வேலையை மறு மாதமே அண்ணன் தானாக விட்டார். இந்த முறை அண்ணியை மறக்காமல் அழைத்துக்கொண்டு தீவுக்குக் கப்பல் ஏறினார். கேட்டதற்கு, "அது காத்துக்கிட்டு இருக்குங்க" என்றார்.

இப்போது எப்போதாவது போன் வரும். அவரே கூப்பிட்டுவிட்டு, "யாருங்க பேசறது?" என்று என்னைக் கேட்பார். பழைய அரணை இன்னும் கண்ணில் படவில்லையாம். வேறொன்று வருகிறதாம், அதற்குச் சோறு வைக்கிறாராம். என் பெயர் ஞாபகம் வருவதற்கு முன்பே அடுத்த கேள்வி வந்துவிடும். "உங்ககிட்ட இருக்கறதுக்குச் சோறு வெச்சீங்களா?"

அந்தச் சூளையில் காது உடைந்த பிள்ளையார் ஒன்று என் பேக்கிங் மேசையில் இருக்கிறது. மத்தியானம் டிபன் பாக்ஸைத் திறந்ததும் அதன் காலடி அரணைக்கு இரண்டு பருக்கை வைத்துவிட்டுத்தான் நான் சாப்பிடுகிறேன். அண்ணனிடம் பொய் சொல்ல எனக்கு மனசு வராது.