பதுளை ஆதிமனிதனின் முறைப்பாடு

பதுளை,
14.03.2006

கம்பியூட்டரில் செத்தவர்களை எழுப்பும் என் அருமை மகன் சுபாஸுக்கு,

அப்பா எழுதுவது. அம்மாவும் உன் தங்கை பிரசாந்தினியும் உயிரோடு இருக்கிறார்கள். உன் சுகத்துக்காகப் போன கிழமை வரை கும்பிட்டேன், இப்போது யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை பிரசாந்தினியைப் பெண் பார்க்க பூனாகலையிலிருந்து வந்தார்கள். மாப்பிள்ளை கிஷாந்தன் வாத்தியார், தங்கமான பையன். இவளுக்கும் பிடித்துப்போய் யாரும் கேட்காமலே இரண்டாம் தடவை டீ கொண்டுவந்தாள். அத்தோடு நான் வாயை மூடியிருக்கலாம். என் மகன் கொழும்பு ஸ்டூடியோவில், குகையில் கிடைத்த மண்டையோட்டுக்குச் சதை வைத்து, தோல் போர்த்தி, ஆதிமனிதனை நடக்கவிடுகிறான், பாருங்கள் என்று நானே டீவியைப் போட்டேன். போட்டால், இடுப்பில் மரப்பட்டை, தோளில் செத்த குரங்கு, நான் வருகிறேன்! என் மூக்கு, என் நெற்றிச் சுருக்கம், ஃபேக்டரியில் தேயிலை கருகினால் நான் முறைக்கும் அதே முறைப்பு. ஓய்வுபெற்ற டீமேக்கர் தர்மராசா, சட்டையில்லாமல், சம்பந்திமார் முன்னால்! "என்னங்க, அது நீங்கதானே?" என்று உன் அம்மா வேறு கத்தினாள். அதையும் தாங்கியிருப்பேன். பின்னணியில் பேசியவர், "இம்மனிதனின் வம்சம் பூண்டோடு அழிந்தது" என்று உருக்கமாகச் சொல்ல, மாப்பிள்ளையின் அம்மா சுலோஜனா கடித்த வடையைத் தட்டில் வைத்துவிட்டார்.

"சகுனம் சரியில்லீங்க. வம்சம் அத்துப்போன மூஞ்சின்னு டீவியிலயே சொல்றாங்க. இந்த வீட்டுல எப்படிங்க பொண்ணெடுக்கிறது?"

"எங்க வம்சம் இந்தா கதவு பக்கத்துல நிக்குதேங்க!" என்று பிரசாந்தினியைக் காட்டினேன். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று எழுந்துவிட்டார்கள்.

போனில் கேட்டால் நீ என்ன சொன்னாய்? "டைரக்டர் கவலைப்பட்ட முகமா கேட்டாருப்பா. எனக்குத் தெரிஞ்சது உங்க முகந்தான்." அந்தக் கவலையே பிள்ளைகள் நீங்கள் இரண்டு பேரும்தானடா! பிள்ளை சமையலறையில் அழுதுகொண்டிருக்கிறாள், எனக்குப் பார்க்க முடியவில்லை. மறுபடி ஒளிபரப்புவதற்குள் என் முகத்தை எடுத்துவிடு, அல்லது அந்த ஆதிமனிதனுக்கு நாலு பிள்ளைகளையாவது கொடு. இல்லாவிட்டால் வீட்டு வாசலை மிதிக்காதே.

எல்லாத் தெய்வங்களும் உனக்கு முதலில் புத்தியையும் பிறகு ஆயுளையும் தரட்டும்.

இப்படிக்கு,
உன்னைப் பெற்ற ஆதிமனிதன்

பி.கு.: கடிதத்தை ஒட்டும் நேரம் பார்த்து மாப்பிள்ளையின் அப்பா வந்து நிற்கிறார். பூனாகலையில் உன் படத்தைத் தவிர வேறு பேச்சே இல்லையாம். "தம்பிகிட்ட சொல்லி அடுத்த படத்துல என்னைய ராசாவா போடச் சொல்லுங்க. எங்க வீட்டம்மாவும் ராணியா வரணுங்குது. சகுனமெல்லாம் பாக்க வேணாம்னு இப்ப அதுவே சொல்லுது." சித்திரை கழிந்ததும் கல்யாணம். ஆகவே என் முகத்தில் கை வைக்காதே. ராணிக்குக் கழுத்து நிறைய, கை நிறைய நகை போடு, கஞ்சத்தனம் பண்ணாதே. நிஜ நகையைப் பற்றி அந்த அம்மா இதுவரை மூச்சுவிடவில்லை.