ஆள்மாற்றி வரும் நேரம்

"ஏன் சார், நீங்க எடை பார்த்துக்கிட்டீங்களா?" என்று பியூன் கேட்டபோது மணி இரண்டரை. எடை எழுத்தருக்குத் தூக்கிவாரிப் போட்டது. விடிந்ததிலிருந்து ஊரையே தராசில் ஏற்றி இறக்கிய மனுஷன், தான் ஏற மறந்துவிட்டார்.

மூன்று மணிக்கு ஆள்மாற்றி வருகிறது. ஒன்பது வருஷத்துக்கு ஒரு முறை, வானத்தில் இரண்டு சூரியன்களும் உரசிக்கொண்டு போகும்போது கிளம்புகிற அலை அது. அந்த நொடியில் ஊருக்குள் இரண்டு பேர் அச்சு அசலாக ஒரே எடையில் இருந்தால் போச்சு. இவர் மனசு அவர் உடம்புக்குள்ளும், அவர் மனசு இவர் உடம்புக்குள்ளும் போய் உட்கார்ந்துகொள்ளும். அடுத்த அலை வரும்வரை அப்படியேதான். போன தடவை பல் டாக்டரும் பால்காரரும் மாறிப்போனார்கள். ஊரில் பாதிப் பேருக்கு இப்போது பல் இல்லை.

அதற்குத்தான் இந்த அலுவலகம். எல்லாருடைய எடையையும் பேரேட்டில் எழுத வேண்டும். இரண்டு எடை ஒத்துப்போனால் ஒருவர் சட்டைப் பையில் ஈயக்கட்டி போட்டு அனுப்ப வேண்டும். எடை பார்த்தவர்கள் மூன்று மணிவரை பச்சைத் தண்ணீர்கூடக் குடிக்கக் கூடாது.

போன் அடித்தது. வீட்டிலிருந்து மனைவி. கல்யாணமாகி ஆறு மாசம்தான் ஆகிறது.

"என்னங்க, சாயங்காலம் நீங்களாவே வீட்டுக்கு வரணும். வேற யாராவது உங்க மூஞ்சியை மாட்டிக்கிட்டு வந்து நின்னா கதவைத் திறக்க மாட்டேன்."

"நானேதாம்மா வருவேன். சத்தியமா!"

ஒன்பது வருஷம் அவளைப் பிரிந்து இருப்பதா?  போனை வைத்துவிட்டுத் தராசில் ஏறினார்.

"அறுபத்தொண்ணு நானூறு. தையல்காரர் எடை சார்" என்றார் பியூன், பேரேட்டைப் புரட்டி.

"ஈயக்கட்டி எடுங்க!"

"தீர்ந்து போச்சு. கடைசிக் கட்டி உங்க மாமனாருக்குத்தான் போச்சு."

எழுத்தர் கூஜாவைத் தூக்கி மடமடவென்று குடித்தார்.

"அறுபத்தொண்ணு எண்ணூறு. தலைமையாசிரியை அம்மா."

"ஐயையோ!"

ஷூவைக் கழற்றினார். பெல்ட்டையும் உருவி எறிந்தார். காற்சட்டை நழுவியது. ஒரு கையால் பிடித்துக்கொண்டு மறுபடி ஏறினார்.

"அறுபது தொள்ளாயிரம்" என்ற பியூன், பேரேட்டையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தார். "இதைச் சொல்லணுமா சார்?"

"யாருய்யா?"

"உங்க மாமனார்."

 தன் உடம்பை மாட்டிக்கொண்டு மாமனார் போய் நின்று, தன் மனைவியை "கண்ணு, சாப்பிட்டியா?" என்று கேட்கும் காட்சி எழுத்தரின் கண்முன் வந்தது. மேஜைமேல் கிடந்த இரும்புப் பூட்டைப் பாய்ந்து எடுத்துப் பையில் போட்டார்.

"அறுபத்தொண்ணு இருநூறு. மேஸ்திரி!"

மணி இரண்டு ஐம்பத்தாறு. தான் யாராகவும் ஆகாமல் இருக்க எதைக் கழற்றுவது, எதைப் போடுவது என்று அவருக்குச் சுத்தமாகப் புரியவில்லை. கழற்ற இனிச் சட்டையும் காற்சட்டையும்தான் மிச்சம்.

"சார், நீங்களே ஏன் கிடந்து அல்லாடறீங்க? அவர் எடையை மாத்துங்க. வெளியிலதான் படிக்குச் சிமென்ட் பூசிக்கிட்டு இருக்காரு" என்றார் பியூன்.

இது ஏன் தனக்குத் தோன்றவில்லை! மேஸ்திரியை இழுத்துக்கொண்டு வந்தார்கள். ஒல்லியான ஆள், மீசை மட்டும் இரண்டு ஆளுக்குக் காணும்.

"இடுப்புல என்ன மேஸ்திரி?"

"சுத்தியல் சார். காலையில எடை பார்த்தப்பவும் இருந்துச்சே."

"கொடுங்க அதை. ஏறுங்க, ஏறுங்க!"

அறுபது நானூறு. எழுத்தரும் பியூனும் பேரேட்டை முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை விரலால் தடவிப் பார்த்தார்கள். அந்த எடையில் ஒரு ஜீவன் இல்லை. அறுபத்தொன்று இருநூறிலும் இப்போது எழுத்தரைத் தவிர வேறு யாரும் இல்லை.

"நீங்க போய்ப் படியில உட்காருங்க மேஸ்திரி. மூணு அடிக்கிறவரைக்கும் எதையும் தொடாதீங்க."

மூன்று அடித்தது. ஜன்னல் வழியே பச்சை வெளிச்சம் வழிந்தது. ஒரு தும்மல் போடும் நேரம்தான், அடங்கிவிட்டது.

எழுத்தர் பயந்துகொண்டே கண்ணைத் திறந்தார். "யோவ், நான் நான்தானே?"

"சட்டையெல்லாம் தண்ணியைக் கொட்டிக்கிட்டு, காற்சட்டையைக் கையில புடிச்சிக்கிட்டு வேற யாரு சார் நிப்பா? நீங்களேதான்."

எழுத்தருக்குக் கண்ணில் நீர் முட்டியது. பியூனைக் கட்டிக்கொண்டார். காற்சட்டை நழுவியதைக்கூடக் கவனிக்கவில்லை. ஜெயித்தாகிவிட்டது. இனி ஒன்பது வருஷத்துக்குக் கவலையில்லை. உடனே அவளிடம் சொல்ல வேண்டும் என்று போனை எடுத்தார்.

அதற்குள் படியிலிருந்து மேஸ்திரி எழுந்து உள்ளே வந்தார். கையில் அப்பியிருந்த சிமென்டைப் பார்த்தார். மீசையைத் தொட்டுப் பார்த்துவிட்டுச் சட்டென்று கையை எடுத்துக்கொண்டார். பிறகு தலையைக் குனிந்தபடி கரகரத்த குரலில் சொன்னார்:

"என்னங்க, கோவிச்சுக்காதீங்க... காலையில வீட்டுல நீங்க எடை கேட்டப்போ, வெக்கப்பட்டு ஒரு மூணு கிலோ குறைச்சுச் சொல்லிட்டேன்."