ஊமைப்படத்துக்கு நான் கொடுத்த சவுண்டு

வாழ்க்கையில் ஒரே ஒரு தடவைதான் அதிகமாகப் பேசியிருக்கிறேன். அதுவும் மைக்கில்.

எனக்கு மைக்செட் தொழில். சீவலப்பேரிப் பக்கம் ஒரு சர்ச்சில் அசனப் பண்டிகை, ஊருக்கே சாப்பாடு. என் செட்டுதான். அப்போது எஸ்தரை எனக்குப் பேசிக்கொண்டிருந்தார்கள். அவள் அப்பா பொன்னையா அண்ணாச்சி சொல்லிவிட்டார்: "பய வாயே தொறக்க மாட்டேங்கான். தொழிலாவது தெரியுதான்னு பண்டிகையில பாத்துட்டுச் சொல்லுதேன்."

முன்வரிசையில் கையைக் கட்டி உட்கார்ந்தார். பக்கத்தில் எஸ்தர்.

பொழுது சாய, பாளையங்கோட்டை வாத்தியார் ஒருவர் லேப்டாப்பிலிருந்து திரையில் படம் போட்டார். "பழைய படம், பாத்துக்கிடும்" என்று என்னிடம் சொல்லிவிட்டுப் பந்திக்கு ஓடிவிட்டார்.

ஒரு தீவு. ஒரு மீன்காரப் பொண்ணு. கப்பலில் வந்து இறங்குகிறான் ஒரு அசலூர்க்காரன். ரெண்டு பேரும் வாயசைக்கிறார்கள். சத்தம் இல்லை!

வயரை ஆட்டினேன். ஆம்பிளிஃபயரை மாற்றினேன். ஸ்பீக்கர் குழாயை ஓங்கித் தட்டினேன். ம்ஹூம்.

"ஏலே, சவுண்டு எங்கலே?"

"செட்டுக்காரன மாதிரியே செட்டும் ஊமை வே!"

அண்ணாச்சி எழுந்து துண்டை உதறினார். போச்சு கல்யாணம்!

மைக் வேலை செய்தது. எடுத்தேன்.

"எங்கன இருந்து வாரிய?" என்றேன், பொண்ணு குரலில்.

"கப்பல்ல." இது ஆண் குரல்.

"சாப்ட்டியளா?"

"இல்ல. பந்தியில எடம் கெடைக்கல."

சனம் கைதட்டியது. அண்ணாச்சி உட்கார்ந்துவிட்டார்! அதுக்குப் பிறகு நான் மனுசனே இல்லை. அவள் அழுதால் நான் மூக்கை உறிஞ்சினேன். அவன் அவளை நினைத்தால் நான் பெருமூச்சு விட்டேன். கடைசியில் கப்பல் கிளம்புகிறது. அவன் அவள் கையைப் பிடிக்கிறான். தொண்டை கிழியக் கத்தினேன்:

"எஸ்தர்! ஒங்க அப்பா சரின்னு சொன்னா நான் கப்பலே ஏற மாட்டேன்!"

நாலு குழாயிலும் கேட்டது. ஆற்றுக்கு அக்கரையிலும் கேட்டிருக்கும். எல்லாத் தலையும் எஸ்தர் பக்கம் திரும்பியது.

வாத்தியார் சோற்றுக் கையோடு ஓடி வந்தார். "என்ன வே பண்ணுதீரு? இது ஊமைப்படம்! இதுல சவுண்டே கெடையாது!"

சிரிப்பு அடங்கவே இல்லை. அண்ணாச்சி மட்டும் சிரிக்கவில்லை. "தொழிலும் தெரியலியே. இவனுக்கா பொண்ணு குடுக்க?"

"ஊரு பூரா எம்பேரச் சொல்லியாச்சு. இனி வேற எவன்ப்பா கட்டுவான்?" என்றாள் எஸ்தர்.

இப்போதும் வீட்டில் நான் பேசாமல் சாப்பிட்டால் மாமனார் விடமாட்டார். "எஸ்தரு, ஊமைப்படம் ஓடுது. என்னான்னு பாரு."

அவள் வந்து என் காதைப் பிடித்துத் திருகுவாள். "சவுண்டு வருதா?"

"வருது" என்பேன். அதோடு சரி.