ரேடியேட்டர் மாஃபி

காலை ஆறு ஐம்பது. ஷார்ஜா தொழில்பேட்டையில் கணக்கு எழுத நான் சேர்ந்த கேரேஜில் முதலில் கண்ணில் பட்டது, பழைய டயர்களின் மேல் இருந்த ஓர் ஆர்மோனியம். அதன் பின்னால் ஸ்டோர்கீப்பர் ஒரு புது சைலன்ஸரை ஸ்பேனரால் தட்டி, காதருகே வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தார்.

"சரக்கு நல்லாத்தான் இருக்கு. சுருதி சரியில்லை" என்று திருப்பி அனுப்பினார்.

வளைகுடா முழுவதிலும் சுருதி பார்த்து ஸ்பேர் பார்ட்ஸ் வாங்கிய ஒரே மனிதர் இந்த ஸ்டோர்கீப்பர், எங்கள் மாஸ்டர்ஜி. லாகூரில் உருது, பஞ்சாபிப் படங்களுக்கு இசையமைத்தவர். அங்கே ஸ்டுடியோக்கள் ஒவ்வொன்றாக மூடியதும், மைத்துனர் அனுப்பிய விசாவில் வந்து சேர்ந்தார். எங்களிடம் இந்தியில் பேசுவார். வண்டிகளின் நெளிவைத் தட்டி நிமிர்த்தி டென்ட் எடுக்கும் கீழக்கரை சாகுல் காக்கா மட்டும் அவருக்குத் தமிழிலேயே பதில் சொல்வார். இருவருக்கும் குழப்பம் வந்ததில்லை. காக்காவின் சுத்தியல் சத்தம் நின்றால் மாஸ்டர்ஜி கேட்பார்:

"பாய், தாளம் எங்கே போச்சு?"

"பானட்டுலதான் விழுந்து கெடக்கு மாஸ்டர்ஜி, வந்து எடுத்துக்கிருங்க!"

இன்னும் ஒரு படத்தில் தன் பெயர் திரையில் வர வேண்டும். அவருக்கு இருந்த ஆசை அது ஒன்றுதான். லாகூர்த் தயாரிப்பாளர் ஒருவர் வெள்ளிக்கிழமை கேரேஜுக்கே வந்து மெட்டுக் கேட்பதாகத் தகவல் வந்தது. வெளிநாடு போகும் மகனைத் தாய் வழியனுப்பும் பாட்டு. கவிஞர் எழுதித் தரும்வரை மெட்டை ஏதாவது டம்மி வார்த்தை போட்டுப் பாடுவது சினிமா வழக்கம். ஸ்டோரில் தீர்ந்துபோன சாமான்களையே மாஸ்டர்ஜி போட்டுவிட்டார்.

"ரேடியேட்டர் மாஃபி... கிளட்ச் பிளேட் மாஃபி..." 'மாஃபி' என்றால் வளைகுடா அரபியில் 'இல்லை'. ரேடியேட்டர் இல்லை, கிளட்ச் பிளேட் இல்லை.

கோரஸுக்கு எங்கள் ஆட்கள். முதல் ஒத்திகையில் சிரிப்பை அடக்க முடியவில்லை. மூன்றாவதில் பெஷாவர் வெல்டர் கான் கண்ணைத் துடைத்தார். வெல்டிங் புகை என்றார். மெஷின் அணைந்திருந்தது.

தயாரிப்பாளர் வந்தார், கேட்டார், தொடையில் தட்டிச் சிரித்தார். "பிரமாதம்! வார்த்தை இதே இருக்கட்டும். வேகத்தைக் கூட்டி காமெடியனுக்கு டான்ஸ் பாட்டா வச்சிடலாம். படம் முழுக்க நீங்கதான் மியூசிக்."

"இது அம்மா பாடற பாட்டு."

"இதுல அம்மா எங்கே இருக்கா?"

"மெட்டுல இருக்கா" என்று மாஸ்டர்ஜி ஆர்மோனியத்தின் துருத்தியை மூடினார். "கலாஸ். முடிஞ்சுது."

கார் போனதும் சாகுல் காக்கா பொரிந்து தள்ளினார். "பேரு வந்திருக்குமே மாஸ்டர்ஜி! கொஞ்சம் வெரசாப் பாடுனா என்ன கொறைஞ்சிரும்?" மாஸ்டர்ஜி ஸ்டோருக்குள் போய் ஆயில் ஃபில்டர்களை அடுக்கத் தொடங்கினார்.

அந்தக் குளிர்காலத்தில் கான் விசாவை முடித்துக்கொண்டு ஊர் திரும்பினார். வேன் கிளம்பும்போது யாரோ தொடங்கினார்கள்: "ரேடியேட்டர் மாஃபி..." எல்லோரும் சேர்ந்துகொண்டோம். மாஸ்டர்ஜி ஆர்மோனியத்தோடு வந்து டயரில் உட்கார்ந்தார். ஒருவரும் சிரிக்கவில்லை. அதன் பிறகு யார் ஊர் திரும்பினாலும் அந்தப் பாட்டுதான்.

போன மாதம் வேனில் ஏறியவர் மாஸ்டர்ஜி. ஆர்மோனியம் லக்கேஜில் கட்டப்பட்டிருந்ததால், சாகுல் காக்கா ஒரு சைலன்ஸரைத் தட்டிச் சுருதி கொடுத்தார்.