ஜேக்வெஸ் ஒழிக

நவரெத்தே,
சாந்தியாகோ மாகாணம், டொமினிக்கன் குடியரசு.
ஜூன் மாதம், ஞாயிற்றுக்கிழமை காலை.

அமெரிக்காவின் வில்லோஃபோர்க் நகர பேஸ்பால் அணியின் ஆட்டங்களைத் தன்னந்தனியாக உட்கார்ந்து நேரலையில் வர்ணித்துவரும் மாண்புமிகு கனவான் அவர்களுக்கு,

எலிகியோ ஹாக்கெஸ் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு எழுதுவது. கடவுள் புண்ணியத்தில் நானும் என் மனைவி சுனில்தாவும் சௌக்கியம். தாங்களும் தங்கள் குடும்பத்தாரும், முக்கியமாகத் தங்கள் தொண்டையும் சௌக்கியமாக இருக்கவேண்டும். செவ்வாய்க்கிழமை ஆட்டத்தில் ஏழாவது இன்னிங்ஸில் தாங்கள் பலமாக இருமினீர்கள். இஞ்சியைத் தட்டிப்போட்டுக் கொதிக்கவைத்துத் தேன் விட்டுக் குடிக்கும்படி என் மனைவி சொல்லச் சொன்னாள். அதோடு ஜில்லென்ற பீரைத் தொடாதீர்கள் என்பது என் சொந்த யோசனை.

தாங்கள் என்னை அறியமாட்டீர்கள். நான் நவரெத்தேக்கும் சாந்தியாகோவுக்கும் நடுவே வேன் ஓட்டுபவன். தாங்களோ தினமும் மாலை ஏழு மணிக்கு எங்கள் வீட்டுச் சோற்றுப் பானைக்குள்ளிருந்து பேசுபவர். தவறாக நினைக்கவேண்டாம். என் கைபேசியின் ஒலிபெருக்கி கொசு முனகுவது போலத்தான் முனகும், அதைச் சோறு ஆக்கும் பெரிய அலுமினியப் பானைக்குள் நிறுத்திவைத்தால்தான் தங்கள் குரல் தெருவரைக்கும் போகிறது. இதனால் ஆட்டம் முடியாமல் எங்கள் வீட்டில் உலை வைக்க முடிவதில்லை. ஆட்டம் கூடுதல் இன்னிங்ஸுக்குப் போனால் நாங்கள் ரொட்டியைக் கடித்துக்கொண்டு படுக்கப்போகிறோம். இதற்காகத் தங்கள்மேல் எங்களுக்கு வருத்தம் ஏதுமில்லை, சுனில்தாவுக்கு மட்டும் கொஞ்சம் உண்டு.

விஷயத்துக்கு வருகிறேன். தங்கள் அணியில் இரண்டாவது பேஸில் நிற்பவன் என் மகன், ஒரே மகன். பெரிய லீக்குக்குப் போகும் ஏணியில் அது கீழ்ப்படிதான் என்றாலும் படி படிதானே. அவன் போன பிறகு இந்த வீட்டில் அவன் பெயரைச் சத்தம் போட்டுக் கூப்பிட வழியில்லாமல் போய்விட்டது. முன்பெல்லாம் ஒரு நாளைக்கு எத்தனை தடவை கத்துவேன்! சாப்பிட வாடா, வண்டியைக் கழுவடா, அந்தச் சுவரில் பந்தை அடிக்காதேடா என்று. இப்போது கத்தினால் பக்கத்து வீட்டுக்காரர்கள் எனக்குப் புத்தி பிசகிவிட்டது என்பார்கள். அதனால், நான் கூப்பிட முடியாத பெயரைத் தாங்களாவது கூப்பிடுவீர்கள், நான் கேட்டுக்கொண்டிருக்கலாம் என்ற ஒரே ஆசையில்தான் இந்தச் சீசன் தொடங்கியபோது பானைக்கு முன்னால் உட்கார்ந்தேன். எனக்கு ஆங்கிலம் தெரியாது. ஸ்ட்ரைக், பால், அவுட், ஹோம் ரன் என்று விரல்விட்டு எண்ணும் அளவுக்கு வார்த்தைகள் புரியும். ஒரு தகப்பனுக்கு அவையும், கூட மகன் பெயரும் போதும்.

அந்தப் பெயர் வரவே இல்லை ஐயா. முதல் நாள் வரவில்லை, மறுநாள் வரவில்லை, அந்த வாரம் முழுக்க வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை அவன் போன் செய்தான்.

"ஆடினியாடா?" என்றேன்.

"ஆடினேன்ப்பா. எல்லா ஆட்டத்துலயும் நான் இருந்தேனே."

"யாருகிட்ட கதை விடுற? ஒரு பந்து விடாம கேட்டிருக்கேன். உன் பேரே வரல."

"வந்துதுப்பா. சரியாக் கேளுங்க."

"ஏன், என் காது என்ன பூசணிக்காயா?"

"அம்மாகிட்ட குடுங்க" என்றான். சுனில்தா போனை எடுத்துக்கொண்டு கொல்லைப்பக்கம் போய்விட்டாள். இவனை அணியிலிருந்து துரத்திவிட்டார்கள், வெட்கப்பட்டுக்கொண்டு எங்கேயோ ஓட்டலில் தட்டுக் கழுவுகிறான், நம்மிடம் ஆடுகிறேன் என்று பொய் சொல்கிறான் என்று முடிவே கட்டிவிட்டேன். பெயர்ப்பட்டியலைக் கைபேசியிலேயே பார்த்திருக்கலாமே என்று தாங்கள் கேட்கலாம். என் கைபேசி வேனின் படியிலிருந்து விழுந்ததிலிருந்து அதன் திரையில் பாதிக்கு மேல் கறுப்பு. கேட்க முடியும், பார்க்க முடியாது.

சரி, மகன் ஆடவில்லை என்றால் அவன் இடத்தில் ஆடுவது யார்? காதைத் தீட்டிக்கொண்டு கேட்டோம். இரண்டாவது பேஸ் என்று தாங்கள் சொல்லும்போதெல்லாம் கூடவே ஒரு பெயர் வந்தது. ஜேக்வெஸ். ஜேரோ ஜேக்வெஸ். அப்படியா சேதி, என் பிள்ளை வயிற்றில் அடித்தவன் நீதானா என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. யாரோ ஒரு பணக்காரத் தோட்ட முதலாளி மகன், அப்பன் சிபாரிசில் உள்ளே வந்தவன், சிவந்த மூக்குக்காரன் என்று நானே அவனுக்கு முகமும் குடும்பமும் வைத்துவிட்டேன். விஷயத்தை நந்தோவிடம் சொன்னேன். நந்தோ எங்கள் தெருமுனை மளிகைக்கடைக்காரன், பீரும் விற்பான், ஊர் நியாயமும் பேசுவான். அன்றிலிருந்து அவன் கடையிலும் தங்கள் வர்ணனை ஓட ஆரம்பித்தது. ஜேக்வெஸ் மட்டை பிடிக்க வந்தால் தெருவே எழுந்து நிற்கும். ஜேக்வெஸ் ஒழிக என்று கோஷம் போடும். அவன் மூன்று ஸ்ட்ரைக் வாங்கி அவுட்டானால், அதற்கான எங்கள் ஊர் வார்த்தையைச் சொல்லி "போன்சே! போன்சே!" என்று டொமினோ மேசையைத் தட்டிக் கட்டைகளையெல்லாம் சிதறடிப்பார்கள்.

வீட்டிலும் சும்மா இருக்கவில்லை. வேண்டாத விருந்தாளியைக் கிளப்பக் கதவுக்குப் பின்னால் துடைப்பத்தைத் தலைகீழாக நிறுத்தி உப்புத் தூவுவது எங்கள் பக்கத்து வழக்கம். சுனில்தா அதைச் செய்தாள். புனித அந்தோணியார் சிலையைச் சுவர்ப்பக்கம் திருப்பிவைத்து, "அந்த ஜேக்வெஸ் மூட்டை கட்டற வரைக்கும் உங்க மூஞ்சில முழிக்கமாட்டேன்" என்று சொல்லிவிட்டாள். இவ்வளவு தீவிரமாக அவள் எதையும் வேண்டிக்கொண்டு நான் பார்த்ததில்லை. பலனும் கைமேல் கிடைத்தது. ஜேக்வெஸ் தொட்ட பந்தெல்லாம் நேராக எதிராளி கையில் போய் உட்கார்ந்தது. தொடாத பந்தெல்லாம் ஸ்ட்ரைக். தங்கள் குரலில் அவனுக்காக ஒரு பரிதாபம்கூட வந்துவிட்டது, எங்களுக்கு ஆங்கிலம் தெரியாவிட்டாலும் பரிதாபம் தெரியும். அன்று நான் நந்தோ கடையில் எல்லாருக்கும் பீர் வாங்கிக் கொடுத்தேன் என்பதை இப்போது எழுதும்போது கை கூசுகிறது.

வெள்ளிக்கிழமை சுனில்தாவின் தம்பி ஃபெர்மின் அமெரிக்காவில் லாரன்ஸ் நகரத்திலிருந்து விடுமுறைக்கு வந்து இறங்கினான். அங்கே இருபது வருஷமாக அலுவலகங்களைப் பெருக்கித் துடைக்கிறவன், ஆங்கிலத்தில் சண்டையே போடுவான். ஆட்ட நேரம். நான் பானைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வழக்கம்போல ஜேக்வெஸின் ஏழு தலைமுறையையும் இழுத்துக்கொண்டிருந்தேன். ஃபெர்மின் காதைச் சாய்த்துக் கேட்டான். பிறகு என்னைப் பார்த்தான்.

"மச்சான், யாரைத் திட்டிக்கிட்டு இருக்கீங்க?"

"அந்த ஜேக்வெஸ் பயலை."

"எந்த ஊர்க்காரன்னு தெரியுமா?"

"எந்தச் சாக்கடையா இருந்தா எனக்கென்ன?"

"நவரெத்தேன்னு சொல்றாரு மச்சான். இப்பதான் சொன்னாரு. நாம 'ஹ'ன்னு சொல்ற J எழுத்தை அவங்க 'ஜ'ன்னுதான் படிப்பாங்க. ஹைரோ ஹாக்கெஸ்னு எழுதியிருக்கும், ஜேரோ ஜேக்வெஸ்னு வாய்ல வரும். அது நம்ம பையன்."

சுனில்தா அவரையை உரிக்கப் போய்விட்டாள், பாவம், அதிர்ச்சி. நான் பனியனோடு தெருவில் ஓடினேன் ஐயா. கடையிலிருந்து கோஷம் வந்துகொண்டிருந்தது. "நிறுத்துங்கடா, அது என் பிள்ளைடா!" என்று கத்திக்கொண்டே போய் விழுந்தேன். நந்தோவின் கைபேசி புதுசு (திட்டும் அவசரத்தில் அதில் பெயர்ப்பட்டியலைப் பார்க்க யாருக்கும் தோன்றவில்லை), என்னுடையதைவிட அதில் ஆட்டம் கொஞ்சம் முந்தி வரும். என் வீட்டுப் பானையில் இன்னும் இரண்டு பந்து பாக்கி இருந்தது, கடையில் என் மகன் ஏற்கெனவே அவுட். அவர்கள் மேசையைத் தட்டிச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். நான் சொன்னதும் தட்டின கைகள் அப்படியே நின்றன.

"எலிகியோ, அப்போ இத்தனை நாளா நாம..." என்றான் நந்தோ.

"ஆமா."

"நல்லாத்தான் வேண்டியிருக்கோம் போல" என்று அவன் தலையில் கை வைத்துக்கொண்டான்.

அன்றைக்கே துடைப்பத்தை நேராக்கினேன், உப்பைப் பெருக்கினேன், அந்தோணியாரைத் திருப்பி மன்னிப்புக் கேட்டேன். நந்தோ கடையில் இப்போது "ஜேக்வெஸ் வாழ்க" என்று கத்துகிறார்கள், ஆனால் பழைய சுருதி சேரவில்லை. மகனிடம் போனில் என்னவென்று சொல்ல? பொய்யன் என்று திட்டியதற்கு மன்னித்துக்கொள் என்பேனா, உனக்கு எதிராக ஊர்வலம் போகாததுதான் பாக்கி என்பேனா? நன்றாகச் சாப்பிடு என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன்.

இதில் என் பயம் என்னவென்றால், இரண்டாவது பேஸுக்கு வேறு அணியிலிருந்து ஒரு பையன் வரப்போவதாகத் தாங்கள் நேற்றுச் சொன்னீர்களாம். ஃபெர்மின் மொழிபெயர்த்தான். இப்படியே போனால் என் மகனைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள். திரும்பி வந்தவர்களை இந்த ஊரில் எனக்குத் தெரியும். தோளில் பையோடு பஸ்ஸிலிருந்து இறங்குவார்கள், பிறகு அவர்களிடம் யாரும் எதையும் கேட்கமாட்டார்கள். அப்படி ஒருவனாக என் பிள்ளை என் வேனிலேயே ஏறி உட்காருவதை நான் பார்க்கக்கூடாது.

ஆகவே நான் தங்களை மன்றாடிக் கேட்பது ஒன்றே ஒன்று. அவன் பெயரைச் சரியாகச் சொல்லுங்கள். கஷ்டமே இல்லை. குளிரில் உள்ளங்கையை ஊதிச் சூடாக்கிக்கொள்வீர்கள் அல்லவா, அப்போது வாயிலிருந்து வருமே ஒரு காற்று, அதுதான் அந்தப் பெயரின் முதல் எழுத்து. ஹைரோ. ஹாக்கெஸ். முதலில் அந்தக் காற்றை ஊதி, கூடவே பெயரைச் சொல்லவேண்டும். சரியான பெயர் போனால்தான் எங்கள் வேண்டுதலும் சரியான விலாசத்துக்குப் போய்ச் சேரும், அவன் மட்டையிலும் பந்து படும். அதோடு, பதினேழு வருஷம் நான் கூப்பிட்ட பெயர் ஐயா அது. இந்தப் பானைக்குள்ளிருந்து அது ஒரு தடவை வந்தால் நான் எழுந்து வாசலுக்குப் போய் அவன் வருகிறானா என்று பார்த்தாலும் பார்ப்பேன்.

தங்கள் வீட்டில் அடுப்பு அணையாமலும், தங்கள் மைதானத்தில் மழை பெய்யாமலும், தங்கள் குரல் கட்டாமலும் இருக்க வேண்டிக்கொள்கிறேன். தங்கள் மனைவிக்கு என் வணக்கம். அணியின் பயிற்சியாளரைப் பார்த்தால் அவருக்கும் ஒரு வணக்கம், கொஞ்சம் அழுத்தமாகவே சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஹைரோவின் தகப்பன்,
எலிகியோ ஹாக்கெஸ்

பின்குறிப்பு: ஐயா, இது அவர் எழுதுவதல்ல. நான் சுனில்தா. அவர் உறை வாங்க நந்தோ கடைக்குப் போயிருக்கிறார், அங்கே யாராவது பேச்சுக் கொடுத்திருப்பார்கள். ஃபெர்மின் என் தம்பி, இதையும் ஆங்கிலத்தில் எழுதிவிடுவான், வாயைத் திறக்கமாட்டான்.

எனக்கு முதல் ஞாயிற்றுக்கிழமையே தெரியும். "அம்மா, இங்க என்னை ஜேக்வெஸ்னுதான் கூப்பிடறாங்க. அப்பாகிட்ட சொல்லாதே, பேரைக் கெடுத்துட்டாங்கன்னு குதிப்பாரு" என்று அவனே சொன்னான். சொல்லவில்லை. துடைப்பத்தைத் தெரிந்துதான் தலைகீழாக வைத்தேன். அவன் தோற்கவேண்டும், இவன் வேண்டாம் என்று நீங்கள் எல்லாரும் அவனை வீட்டுக்கு அனுப்பவேண்டும் என்றுதான் வேண்டிக்கொண்டேன். பதினேழு வயதில் கூட்டிக்கொண்டு போனீர்கள். இப்போது போனில் வருவது யாரோ பெரிய ஆளின் குரல். அந்தக் குரலுக்கு என்ன முகம் வந்திருக்கிறது என்று எனக்குத் தெரியாது. நின்றுகொண்டே ஆறிப்போன ரொட்டியைத் தின்கிறானாம். இவர் பஸ்ஸிலிருந்து இறங்கும் பையைப் பார்த்துப் பயப்படுகிறார். நான் அந்தப் பை வருமா என்று தினமும் பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

அதனால் அவர் மேலே கேட்டிருப்பதைத் தயவுசெய்து செய்யாதீர்கள். ஜேக்வெஸ் என்றால் அவன் யாரோ. யாரோ ஒருவன் தோற்கட்டும் என்று என்னால் வேண்டிக்கொள்ள முடியும். நீங்கள் ஹைரோ ஹாக்கெஸ் என்று சரியாகச் சொல்லிவிட்டால் என்னால் முடியாது. அடிடா என் ராசா என்று வாய் தானாகச் சொல்லிவிடும், அப்புறம் அவன் அங்கேயே இருந்துவிடுவான்.

ஆனால் என்றைக்காவது அவன் பந்தை வேலிக்கு வெளியே அடித்துவிட்டால், அன்றைக்கு மட்டும் சரியாகச் சொல்லுங்கள். ஒரு தடவை போதும்.

சுனில்தா